டேட்டா ஃபைல் போட்டும் கேம் ஓடவில்லையா? அறிகுறியைப் பார்த்துச் சரிசெய்யும் வழி

கேமின் இன்ஸ்டால் ஃபைலான ஏபிகேயைப் போனில் ஏற்றியாயிற்று. கூடவே வந்த பெரிய டேட்டா ஃபைலையும் ஆண்ட்ராய்டு ஃபோல்டருக்குள் போட்டாயிற்று. ஐகானைத் தொட்டால், எல்லாவற்றையும் முதலிலிருந்து டவுன்லோடு செய்ய வேண்டும் என்கிறது கேம். இந்த இடத்தில் பலரும் செய்வது, அந்த ஒன்றரை ஜிபி ஃபைலை வேறெங்கிருந்தாவது மறுபடி இறக்குவதுதான். தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள். நான் பார்த்துக் கொடுத்த போன்களில் பெரும்பாலும் ஃபைல் நன்றாகவே இருந்தது. அதன் பெயரில் ஓர் எழுத்தோ, இருக்கும் இடத்தில் ஒரு படியோதான் தவறியிருந்தது. ஐந்து நிமிடம் உட்கார்ந்து பார்த்தால் தெரிந்துவிடும்.

இதெல்லாம் உங்களுக்குச் சொந்தமான கேமுக்காகச் சொல்வது. காசு கொடுத்து வாங்கியதைப் பழைய போனிலிருந்து புதிய போனுக்கு மாற்றுகிறீர்கள். அல்லது கேமை உருவாக்கியவர்களே நேரடியாகத் தரும் ஏபிகேயைப் போடுகிறீர்கள். திருட்டு நகலுக்கும் இதே வழிதானே என்றால், அதில் வரும் சிக்கல்களில் பாதி அந்த நகலை யாரோ பிரித்துக் கட்டியதால் வருபவை. அவற்றுக்கு என்னிடம் மருந்து இல்லை.

கேம் எதைத் தேடுகிறது?

இதைப் புரிந்துகொண்டால் கீழே வரும் அறிகுறிகளில் பாதி தானாகவே விளங்கிவிடும். ஒரு காலத்தில் பிளே ஸ்டோரில் ஓர் ஏபிகே 50 எம்பிக்கு மேல் இருக்கக் கூடாது. பெரிய கேம்களுக்கு அது எந்த மூலைக்கு? அதனால் 2012இல் கூகுள் ஒரு வழி செய்தது. நிரல் ஏபிகேயில் இருக்கட்டும்; படம், ஒலி, காட்சி எல்லாம் தனி ஃபைலாக வரட்டும். அந்தத் தனி ஃபைல்தான் ஓபிபி. ஒரு கேமுக்கு இரண்டு வைத்துக்கொள்ளலாம், ஒவ்வொன்றும் 2 ஜிபி வரை. முதலாவது மெயின், இரண்டாவது பேட்ச்.

அதன் பெயர் இப்படி அமையும். தமிழில் எழுதிக் காட்டுகிறேன், போனில் ஆங்கில எழுத்துகளில் இருக்கும்:

மெயின்.45.காம்.நிறுவனம்.கேம்பெயர்.ஓபிபி

இதில் 45 என்பது வெர்ஷன் கோடு, அதாவது பதிப்பைக் குறிக்கும் எண். அதற்குப் பின்னால் வருவது கேமின் பேக்கேஜ் பெயர், அதாவது ஆண்ட்ராய்டு அந்த கேமை அடையாளம் காணும் தனிப்பெயர். இந்த ஃபைல் இருக்க வேண்டிய இடம், போனின் உள் ஸ்டோரேஜில் ஆண்ட்ராய்டு என்ற ஃபோல்டர், அதற்குள் ஓபிபி, அதற்குள் பேக்கேஜ் பெயரிலேயே ஒரு ஃபோல்டர், அதற்குள். கேம் திறந்ததும் அந்த ஒரே முகவரிக்குப் போய் அந்த ஒரே பெயரைத் தேடும். பக்கத்து ஃபோல்டரில் எட்டிப் பார்க்காது.

அறிகுறி 1: கேம் திறக்கிறது, ஆனால் மறுபடி டவுன்லோடு கேட்கிறது

அதிகம் வரும் சிக்கல் இதுதான், அதனால் இதில் கொஞ்சம் நிதானமாகப் போவோம். சில கேம்களில் இதே கோளாறு, நீங்கள் இந்த ஆப்பை வாங்கியிருக்காததால் டவுன்லோடு தோல்வியடைந்திருக்கலாம் என்ற பொருளில் ஓர் ஆங்கில வாசகமாக வரும். அதைக் கண்டு பயப்பட வேண்டாம். ஓபிபி கண்ணில் படாததால் கேம் பிளே ஸ்டோரிடம் போய்க் கேட்டிருக்கிறது, அங்கே உங்கள் கணக்கில் அந்த கேம் இல்லை. வாங்கிய கணக்கு வேறாக இருந்தால் போனில் அந்தக் கணக்கையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அப்படியும் மாறவில்லை என்றால் ஃபைலைத்தான் பார்க்க வேண்டும்.

முதலில் ஃபோல்டருக்குள் ஃபோல்டர். அக்கா மகன் ஒரு கார் பந்தய கேமை மூன்று முறை இறக்கிவிட்டு, மாதத்துக்கான நெட் தீர்ந்துபோய் என்னிடம் வந்தான். போனை வாங்கி ஓபிபி ஃபோல்டரைத் திறந்தேன். பேக்கேஜ் பெயரில் ஃபோல்டர் இருந்தது, அது சரி. அதைத் தொட்டால் உள்ளே அதே பெயரில் இன்னொரு ஃபோல்டர். அதையும் தொட்டால்தான் ஃபைல். ஜிப்பை விரிக்கும்போது, ஜிப்பின் பெயரில் ஒரு ஃபோல்டரை ஃபைல் மேனேஜர் தானாகவே போட்டுக்கொண்டது. ஜிப்புக்குள்ளும் அதே பெயரில் ஒன்று ஏற்கெனவே இருந்தது. உள்ளே இருந்த ஃபைலை ஒரு படி மேலே நகர்த்தி, காலி ஃபோல்டரை நீக்கினேன். கேம் திறந்தது. "அவ்வளவுதானா மாமா?" என்றான். அவ்வளவுதான். ஆனால் அதற்குள் நான்கு ஜிபி போயிருந்தது.

அடுத்தது ஃபைல் பெயரின் வால். ஓபிபி பெரும்பாலும் உள்ளுக்குள் ஒரு ஜிப்தான். அதனால் சில பிரவுசர்கள் அதை இறக்கும்போது பெயரின் கடைசியில் ஜிப் என்று ஒட்டிவிடும். கம்ப்யூட்டர் வழியாகப் போடுபவர்களுக்கு இன்னொரு தொல்லை: விண்டோஸ் ஃபைல் வகையை மறைத்து வைப்பதால், ஓபிபி என்று நீங்கள் பார்ப்பது உண்மையில் ஓபிபி.ஜிப் ஆக இருக்கலாம். வியூ மெனுவில் ஃபைல் எக்ஸ்டென்ஷன்களைக் காட்டும் வசதியைப் போட்டுவிட்டுப் பாருங்கள். ஒட்டியிருக்கும் வாலை மட்டும் எடுத்தால் போதும். ஜிப்தானே என்று ஓபிபியையே விரித்துவிடாதீர்கள். கேமுக்குத் தேவை அந்த ஒற்றை ஃபைல். உள்ளே இருக்கும் நூறு ஃபைல்களை வைத்துக்கொண்டு அதற்கு ஒன்றும் செய்யத் தெரியாது. இரண்டாம் முறை இறக்கியிருந்தால் பெயருக்கு நடுவிலோ கடைசியிலோ அடைப்புக்குறிக்குள் 1 என்று சேர்ந்திருக்கும். அதையும் நீக்குங்கள்.

மூன்றாவது வெர்ஷன் கோடு. ஆப் தகவலில் தெரியும் 1.4.2 போன்ற எண் வெர்ஷன் பெயர். ஓபிபி பெயரில் இருப்பது வேறு, அது ஒரு முழு எண். இரண்டையும் குழப்பிக்கொண்டு மெயின்.1.4.2 என்று பெயர் மாற்றி வைத்தவர்களைப் பார்த்திருக்கிறேன். இன்னொரு நுணுக்கமும் உண்டு. புதிய ஏபிகே பழைய ஓபிபியையே பயன்படுத்திக்கொள்ள பிளே ஸ்டோர் அனுமதிக்கிறது. ஆக, ஏபிகேயின் கோடு 52 ஆகவும் ஓபிபியின் எண் 45 ஆகவும் இருந்தால் அது பிழையாக இருக்க வேண்டும் என்றில்லை. எண்ணைக் கண்டபடி மாற்றிப் பார்ப்பதைவிட, கேம் ஒழுங்காக ஓடும் பழைய போனைத் திறந்து அங்கே என்ன பெயர் இருக்கிறதோ அதையே வையுங்கள்.

கடைசியாக இடம். எல்லா கேமும் ஓபிபி ஃபோல்டரைத் தேடுவதில்லை. சில கேம்கள் ஆண்ட்ராய்டு, டேட்டா, பேக்கேஜ் பெயர், ஃபைல்ஸ் என்ற வழியில் டேட்டாவை வைக்கும். கேம்லாஃப்ட் நிறுவனத்தின் பழைய கேம்கள் சில, உள் ஸ்டோரேஜின் வாசலிலேயே கேம்லாஃப்ட் என்று ஒரு ஃபோல்டர் போட்டு, அதற்குள் கேம்ஸ் என்ற ஃபோல்டரில் வைத்தன. கிடைத்த ஃபைலின் பெயர் ஓபிபி என்று முடியாமல், ஃபோல்டர் ஃபோல்டராக வந்திருந்தால் அது டேட்டா வகையாக இருக்கவே வாய்ப்பு அதிகம்.

சோதிக்கும்போது நெட்டை அணைத்துவிட்டுத் திறந்து பாருங்கள். ஃபைல் தவறாக இருந்தாலும் கேம் சத்தமில்லாமல் டவுன்லோடைத் தொடங்கிவிடாது. முதல் முறை லைசென்ஸ் சரிபார்க்கும் கேமாக இருந்தால் மட்டும் ஒரு நிமிடம் நெட் போட வேண்டியிருக்கும்.

அறிகுறி 2: ஓபிபி ஃபோல்டருக்குள் போகவே முடியவில்லை

ஃபோல்டர் காலியாகத் தெரிகிறது, அல்லது அனுமதி இல்லை என்கிறது. உங்கள் போன் ஆண்ட்ராய்டு 11 அல்லது அதற்குப் பிந்தையது என்று பொருள். 2020இல் வந்த அந்தப் பதிப்பிலிருந்து, ஓர் ஆப் இன்னொரு ஆப்பின் டேட்டா, ஓபிபி ஃபோல்டர்களைத் தொட முடியாது. எல்லா ஃபைல்களுக்கும் அனுமதி வாங்கிய ஃபைல் மேனேஜரும் இதில் அடக்கம். இது தேவையான பூட்டுதான். ஒரு டார்ச்லைட் ஆப் உங்கள் மற்ற ஆப்களின் ஃபைல்களைத் துழாவ வேண்டியதில்லை.

சரி, நாம் எப்படிப் போவது? நான் முதலில் முயல்வது கம்ப்யூட்டரைத்தான். யூஎஸ்பி கேபிளைச் செருகி, போனில் வரும் அறிவிப்பைத் தொட்டு, ஃபைல் டிரான்ஸ்ஃபர் என்பதைத் தேர்ந்தெடுங்கள். கம்ப்யூட்டரில் போனின் ஸ்டோரேஜ் திறக்கும். பெரும்பாலான போன்களில் ஓபிபி ஃபோல்டர் தெரியும், ஃபைலை நேரே போட்டுவிடலாம். கேபிள் சார்ஜ் மட்டும் ஏற்றும் வகையாக இருந்தால் அந்த அறிவிப்பே வராது. அப்போது கேபிளை மாற்றுங்கள்.

கம்ப்யூட்டர் இல்லையென்றால் அதிகம் பேருக்குத் தெரியாத ஒரு வழி இருக்கிறது. பிற ஆப்களை இன்ஸ்டால் செய்யும் அனுமதி உள்ள ஆப்களுக்கு ஓபிபி ஃபோல்டரில் மட்டும் ஆண்ட்ராய்டு இடம் தருகிறது. ஆப் ஸ்டோர்கள் வேலை செய்ய வேண்டுமே, அதற்காக. ஆகவே இசட்ஆர்க்கைவர் போன்ற ஃபைல் மேனேஜருக்கு, செட்டிங்ஸில் தெரியாத ஆப்களை நிறுவும் அனுமதியைக் கொடுத்து, அதை முழுவதுமாக மூடித் திறந்து பாருங்கள். பல போன்களில் ஓபிபி திறந்துவிடும். டேட்டா ஃபோல்டர் திறக்காது. வேலை முடிந்ததும் அந்த அனுமதியைத் திரும்ப எடுத்துவிடுங்கள்.

டேட்டா ஃபோல்டரும் வேண்டும், கம்ப்யூட்டரும் இல்லை என்றால் ஷிசுகு என்ற ஆப் கைகொடுக்கும். ஆண்ட்ராய்டு 11இலிருந்து போனிலேயே இருக்கும் வயர்லெஸ் டீபக்கிங் வழியாக, ரூட் செய்யாமலேயே (போனின் முழு உரிமையையும் திறந்துவிடாமலேயே) இது ஃபைல் மேனேஜருக்குக் கூடுதல் உரிமை வாங்கித் தரும். கொஞ்சம் பொறுமை வேண்டும்.

அறிகுறி 3: ஆப் இன்ஸ்டால் ஆகவில்லை

ஒரே வாசகம், பின்னால் அரை டஜன் காரணங்கள். காரணத்தை நேராகத் தெரிந்துகொள்ள நல்ல வழி, ஏடிபி என்ற கருவியின் (கம்ப்யூட்டரிலிருந்து போனுக்குக் கட்டளை அனுப்புவது) இன்ஸ்டால் கட்டளையால் போட்டுப் பார்ப்பது. போன் மறைக்கும் காரணத்தை அது ஒரு வரியில் சொல்லிவிடும். ஏடிபி தெரியாதென்றால் இந்த வரிசையில் யோசியுங்கள்.

அதே கேம் ஏற்கெனவே போனில் இருக்கிறதா? இருந்தால், பழைய பதிப்பைப் புதியதன் மேல் போட ஆண்ட்ராய்டு விடாது. இரண்டின் டிஜிட்டல் கையொப்பமும் வேறாக இருந்தாலும் விடாது. கையொப்பம் வேறு என்றால் கொஞ்சம் நில்லுங்கள். கேமை உருவாக்கியவர்களே இரண்டு கடைகளில் வெவ்வேறு கையொப்பத்தோடு தருவது உண்டு. அப்படி இல்லையென்றால், உங்கள் கையில் இருக்கும் ஏபிகேயை வேறு யாரோ பிரித்து, எதையோ மாற்றி, தங்கள் கையொப்பத்தைப் போட்டிருக்கிறார்கள். பழையதை நீக்கிவிட்டால் இது ஏறிவிடும் என்பது உண்மைதான். நான் ஏற்ற மாட்டேன்.

போன் புதியது, கேம் மிகப் பழையதா? ஆண்ட்ராய்டு 6.0க்கு முந்தைய காலத்துக்கு எழுதப்பட்ட ஆப்களை ஆண்ட்ராய்டு 14 புதிதாக ஏற்றுக்கொள்ளாது. ஆண்ட்ராய்டு 15 அந்த எல்லையை 7.0க்கு உயர்த்தியது. பெயர் தெரிந்த கேமை நம்பி ஏற்றுகிறீர்கள் என்றால் ஏடிபி இன்ஸ்டாலோடு, முன்னால் இரண்டு சிறு கோடுகள் இட்டு, பைபாஸ்-லோ-டார்கெட்-எஸ்டிகே-பிளாக் என்ற சொற்றொடரை ஆங்கிலத்தில் சேர்த்தால் தடை விலகும். ஆனால் கேம் 32 பிட்டாக மட்டும் இருந்து, போன் 64 பிட் ஆப்களை மட்டுமே ஏற்பதாக இருந்தால் வழியே கிடையாது. 2022இல் வந்த பிக்சல் 7 அப்படிப்பட்டது. அந்த கேமுக்குப் பழைய போன் ஒன்றை வைத்திருப்பதுதான் நல்லது.

பேஸ்.ஏபிகே என்று ஒரு ஃபைலை மட்டும் போடுகிறீர்களா? அது துண்டு துண்டாக வரும் கேமின் முதல் துண்டு. திரைக்கு, மொழிக்கு, பிராசஸருக்கு என்று மற்ற துண்டுகளும் சேர்ந்து ஒரே நேரத்தில் ஏற வேண்டும். ஏடிபி இன்ஸ்டால்-மல்டிபிள் கட்டளையோ, துண்டு ஏபிகேக்களைச் சேர்த்து ஏற்றும் எஸ்ஏஐ ஆப்போ வேண்டும். எக்ஸ்ஏபிகே என்று முடியும் ஃபைல் வெறும் ஜிப்தான். பெயரை ஜிப் என்று மாற்றி விரித்தால் உள்ளே ஏபிகேயும், சிலவற்றில் ஓபிபியும் கிடைக்கும்.

பேக்கேஜைப் படிப்பதில் சிக்கல் என்று வந்தால், ஒன்று ஏபிகே பாதியில் நின்றுபோன டவுன்லோடு, அல்லது உங்கள் ஆண்ட்ராய்டு அதற்குப் போதாத அளவு பழையது.

அறிகுறி 4: திறந்ததும் மூடிக்கொள்கிறது, கறுப்புத் திரை, அல்லது உருவங்கள் கறுப்பாகத் தெரிகின்றன

திறந்ததும் மூடினால் முதலில் ஸ்டோரேஜ் அனுமதியைப் பாருங்கள். ஆண்ட்ராய்டு 6.0இலிருந்து, வேறொரு வழியாக வந்த ஓபிபியைத் திறக்க சில கேம்களுக்கு அந்த அனுமதி வேண்டியிருக்கிறது. கேட்காத கேமாக இருந்தால் ஆப் தகவலில் போய் நீங்களே கொடுங்கள். பிறகு போனை ஒருமுறை அணைத்துப் போடுங்கள். இது மூடநம்பிக்கை இல்லை, ஃபோல்டரின் உரிமையாளர் யார் என்ற குழப்பம் ரீஸ்டார்ட்டில் தீர்ந்த போன்கள் உண்டு.

சத்தம் வருகிறது, மெனு தெரிகிறது, ஆனால் கார்களும் ஆட்களும் கறுப்புப் பொம்மைகளாக நிற்கிறார்கள் என்றால் காரணம் வேறு. பழைய கேம்கள் கிராஃபிக்ஸ் சிப்புக்கு ஏற்ப டேட்டாவைத் தனித்தனியாக வெளியிட்டன. ஏடிசி வகை அட்ரீனோவுக்கு, பிவிஆர் வகை பவர்விஆருக்கு, டிஎக்ஸ்டி வகை டெக்ராவுக்கு, ஈடிசி வகை மாலி உட்பட எல்லாவற்றுக்கும். பழைய போன் ஒரு சிப், புதிய போன் வேறு சிப் என்றால் ஃபைல் சரியான பெயரில் சரியான இடத்தில் இருந்தும் இப்படி ஆகும். உங்கள் சிப்புக்கான டேட்டா, அல்லது ஈடிசி டேட்டா வேண்டும்.

அறிகுறி 5: ஃபைல் பாதியில் நிற்கிறது, ஜிப் விரிய மறுக்கிறது

முதலில் இடம். ஒன்றரை ஜிபி ஜிப்பை விரித்தால் இன்னொரு ஒன்றரை. அதை நகர்த்தாமல் காப்பி செய்தால் மேலும் ஒன்றரை. மூன்று மடங்கு இடம் காலியாக இருந்தால் நிம்மதி. மெமரி கார்டோ பென்டிரைவோ எஃப்ஏடி32 வகையாக இருந்தால் 4 ஜிபிக்கு மேற்பட்ட ஒற்றை ஃபைல் அதில் ஏறவே ஏறாது.

அளவை ஒப்பிடும்போது ஒரு கண்கட்டு நடக்கும். போனில் 1.34 ஜிபி என்று காட்டும் ஃபைல் விண்டோஸில் 1.25 ஜிபி என்று தெரியலாம். ஃபைல் குறையவில்லை. பல போன்கள் ஆயிரம் ஆயிரமாக எண்ணுகின்றன, விண்டோஸ் 1024 ஆக எண்ணுகிறது. இரண்டு இடத்திலும் பைட் எண்ணிக்கையைப் பாருங்கள், கடைசி இலக்கம் வரை. உருவாக்கியவர்கள் எஸ்ஹெச்ஏ-256 மதிப்பை (ஃபைலின் கைரேகை போன்ற நீண்ட குறியீட்டை) கொடுத்திருந்தால் அதையும் ஒப்பிடுங்கள். பைட்டில் வித்தியாசம் இருந்தால் மட்டும் மறுபடி இறக்குங்கள்.

அறிகுறி 6: நேற்று வரை ஓடியது, இன்று டவுன்லோடு கேட்கிறது

பிளே ஸ்டோர் இரவோடு இரவாக கேமை அப்டேட் செய்திருக்கும். புதிய ஏபிகே புதிய எண்ணுள்ள ஓபிபியைத் தேடுகிறது. இனி இப்படி ஆகாமல் இருக்க, பிளே ஸ்டோரில் அந்த கேமின் பக்கத்தைத் திறந்து, மேலே உள்ள மூன்று புள்ளிகளைத் தொட்டு, தானாக அப்டேட் ஆவதை அந்த ஒன்றுக்கு மட்டும் நிறுத்திவிடுங்கள்.

அறிகுறி 7: பழைய போனில் கேம் ஓடுகிறது, ஆனால் ஓபிபி ஃபோல்டரே இல்லை

தேடிக் களைக்க வேண்டாம். 2021 ஆகஸ்டிலிருந்து பிளே ஸ்டோரில் புதிதாக வரும் கேம்கள் ஓபிபியைப் பயன்படுத்துவதில்லை. டேட்டா துண்டு ஏபிகேக்களாகவோ, கேமின் தனிப்பட்ட உள்ளறையிலோ இறங்குகிறது. உள்ளறையில் இருப்பதை ரூட் இல்லாமல் எடுக்க முடியாது. இந்த கேம்களுக்குப் பிளே ஸ்டோர்தான் வழி.

அறிகுறி 8: அன்இன்ஸ்டால் செய்ததும் டேட்டாவும் போய்விட்டது

கேமை நீக்கினால் அதன் ஓபிபி ஃபோல்டரையும் டேட்டா ஃபோல்டரையும் ஆண்ட்ராய்டு சேர்த்தே துடைத்துவிடும். திரும்ப வராது. இனிமேல் நீக்குவதற்கு முன், பேக்கேஜ் பெயர் கொண்ட ஃபோல்டரின் கடைசியில் ஏதாவது ஓர் எழுத்தைச் சேர்த்துப் பெயர் மாற்றுங்கள். அடையாளம் தெரியாததால் ஆண்ட்ராய்டு அதை விட்டுவிடும். மறுபடி இன்ஸ்டால் செய்தபின் அந்த எழுத்தை எடுத்தால் பெரிய ஃபைல் அப்படியே இருக்கும்.

இது காப்பாற்றுவது டேட்டாவை மட்டும்தான். நீங்கள் விளையாடி வந்த நிலை பெரும்பாலும் அந்தத் தனிப்பட்ட உள்ளறையில் இருக்கிறது, நீக்கினால் போய்விடும். ஒரு குழந்தை ஆறு மாதம் கட்டிய ஊர் ஒரு நொடியில் இல்லாமல் போவதைப் பக்கத்திலிருந்து பார்த்திருக்கிறேன், அந்த முகத்தை மறக்க முடியவில்லை. கேமுக்குள் கிளவுட் சேவ் இருக்கிறதா, கணக்கோடு இணைத்திருக்கிறதா என்று பார்த்துவிட்டுப் பிறகு கை வையுங்கள்.

அறிகுறி 9: மேலே உள்ள எதுவும் பொருந்தவில்லை

கம்ப்யூட்டரில் ஏடிபி லாக்கேட் கட்டளையை ஓடவிட்டு, கேமைத் திறங்கள். வரிகள் ஆறு போல ஓடும். கேம் நின்றதும் நிறுத்திவிட்டு, அதில் ஓபிபி என்ற சொல்லைத் தேடுங்கள். பல கேம்கள் தாங்கள் திறக்க முயன்ற ஃபைலின் முழு முகவரியையும், அது கிடைக்கவில்லை என்பதையும் அங்கே எழுதிவைத்திருக்கும். அந்த வரியை அப்படியே காப்பி செய்து, உங்கள் ஃபோல்டரின் வழியையும் ஃபைலின் பெயரையும் அதன் கீழே எழுதி, எழுத்தெழுத்தாக ஒப்பிடுங்கள். எங்கே மாறுகிறதோ அங்கே திருத்திவிட்டு கேமைத் திறங்கள்.